பக்கத்தில் படுப்பவரைக் கேட்க வேண்டும்

பிப்ரவரி 3

டாக்டரம்மா சமூகத்துக்கு,

உன் புருஷன் எழுதுவது. எந்தப் புருஷன் என்று கேட்காதே. எனக்குத் தெரிந்து உனக்கு ஒருத்தன்தான்.

"போன்ல உங்க குரலைக் கேக்க முடியல. சொல்றதுன்னா எழுதி அனுப்புங்க" என்று நீ போனை வைத்த நாளிலிருந்து எழுத உட்காருகிறேன், எழுந்துவிடுகிறேன். இது எழுதுகிற கையா? பஸ் சீட்டுக்கு ரெக்சின் வெட்ட சாக்பீஸால் கோடு இழுக்கிற கை. அஞ்சாம் வகுப்போடு என்னைப் பள்ளிக்கூடம் விட்டது, நானும் அதை விட்டேன். அதற்கப்புறம் கையெழுத்துப் போட்டது கல்யாணத்துக்கும் கரண்ட் கனெக்‌ஷனுக்கும்தான். அதனால் பிழை இருந்தால் நீயே தைத்துக்கொள்.

விஷயத்துக்கு வருகிறேன். கொஞ்ச நாளாகக் காலையில் எழுந்தால் காதோரம் வலிக்கிறது. கன்னம் கல் மாதிரி இறுகிக் கிடக்கிறது. வாயைப் பெரிதாகத் திறந்தால் தாடையில் டக்கென்று ஒரு சத்தம், பழைய பஸ்ஸின் பின்கதவு போல. காது டாக்டரிடம் போனேன். விளக்கடித்துப் பார்த்துவிட்டு, "காதுல ஒண்ணுமில்ல, பல் டாக்டரைப் பாருங்க" என்றார். "சார், என் வீட்டுல ஒரு பல் ஆஸ்பத்திரியே இருந்துச்சு, அது அவங்க அண்ணன் வீட்டுக்குப் போயிருக்கு" என்றேன். சிரிக்கவில்லை. படித்த மனுஷன்.

பல் டாக்டர் ஒரு சின்னப் பெண். நம் மகள் முயல் இருந்திருந்தால் இன்னும் ஐந்தாறு வருஷத்தில் அந்தப் பெண் மாதிரி கையைக் கட்டிக்கொண்டு யாரையாவது அதட்டிக்கொண்டிருப்பாள். இதை எழுதக்கூடாது என்றுதான் உட்கார்ந்தேன். எழுதிவிட்டேன். அடித்தால் தாள் அசிங்கமாகும். இருக்கட்டும்.

அந்தப் பெண் என் வாய்க்குள் கண்ணாடியை விட்டுத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, சீட்டில் ஒரு வார்த்தை எழுதி, அதற்குப் பின்னால் ஒரு கேள்விக்குறி போட்டுக் கொடுத்தாள். மருந்துக்கடைக்காரர் படித்துச் சொன்னார்: ப்ரக்ஸிஸம். டிப்போவில் வந்து சொன்னேன். ஒரு டிரைவர், "அண்ணே, புது பிரேக்கா? நம்ம வண்டிக்கும் போடச் சொல்லுங்க" என்கிறான்.

இதற்கு என்ன அர்த்தம்? எந்த மாதிரி ஆளுக்கு இதை எழுதுவீர்கள்? கேள்விக்குறி எதற்கு? ஆள் தேறுவானா மாட்டானா என்று டாக்டருக்கே சந்தேகமா?

அங்கேயே கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. உன்னிடம் கேட்க ஒரு விஷயம் கிடைத்ததே என்று சீட்டை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

வாசல் பல்பு போய்விட்டது. நீ வந்ததும் மாற்றலாம் என்று விட்டிருக்கிறேன். எப்போது வருகிறாய்?

இப்படிக்கு,
உன் புருஷன், சீட்டு தைப்பவன்


பிப்ரவரி 11

முயல் அப்பாவுக்கு,

கடிதம் கிடைத்தது. பயப்பட ஒன்றுமில்லை.

ப்ரக்ஸிஸம் என்றால் பல்லைக் கடிப்பது, அரைப்பது. கோபத்தில் நறநறவென்று கடிப்போமே, அதற்கு இதை எழுத மாட்டோம். தன்னை அறியாமல், திரும்பத் திரும்ப, பெரும்பாலும் தூக்கத்தில் நடப்பதற்குத்தான் எழுதுவோம். சும்மா இருக்கும்போது மேல்வரிசையும் கீழ்வரிசையும் ஒன்றையொன்று தொடக்கூடாது. நடுவில் ஒரு சின்ன இடம் இருக்கும். இந்தப் பழக்கம் இருப்பவர்களுக்கு அந்த இடம் மூடிக்கொள்கிறது. பல்லின் முனை தேயும். தாடைத் தசை ராத்திரியெல்லாம் வேலை செய்த அலுப்பில் காலையில் வலிக்கும். அந்த வலி காதில் தெரியும்.

கேள்விக்குறி எதற்கு என்று கேட்டிருக்கிறீர்கள். பல் தேய்ந்திருப்பதை டாக்டர் பார்க்கலாம். அது பழைய தேய்மானமா, இப்போதும் நடக்கிறதா என்று பார்த்துச் சொல்ல முடியாது. தூங்குகிறவருக்கும் தெரியாது. பக்கத்தில் படுப்பவரைக் கேட்க வேண்டும். இங்கே நான் உதவியாளராகச் சேர்ந்திருக்கும் கிளினிக்கிலும் வார்த்தையை எழுதிக் கேள்விக்குறி போட்டுத்தான் வைப்போம். அடுத்த தடவை கூட வருகிற வீட்டுக்காரரோ வீட்டுக்காரியோ, "அய்யோ, ராத்திரி முழுக்க மாவு மில்லுதான்" என்று சொன்னால், பேனாவை எடுத்துக் கேள்விக்குறியை அடிப்பேன். அது என் வேலை.

உங்களுக்கு யாரைக் கேட்பதென்று அந்த டாக்டருக்குத் தெரிந்திருக்காது.

என்னைக் கேட்டால், கல்யாணம் ஆனதிலிருந்து உங்களுக்குக் குறட்டை உண்டு, பல் கடிப்பது கிடையாது. முயல் போன பிறகு உள்ளதைச் சொல்ல என்னால் முடியாது. நீங்கள் பக்கத்தில் படுக்கவில்லை. ராத்திரி சாப்பிட்ட கையோடு டிப்போவில் இருக்கிற உங்கள் தையல் கடைக்குப் போய்விடுவீர்கள். காலையில் டிரைவர்களோடு சிரித்துப் பேசிக்கொண்டே வருவீர்கள். நான் ஜன்னலில் நின்று பார்ப்பேன்.

மனதில் பாரம் இருப்பவர்களுக்கும் இது வரும் என்று எங்கள் டாக்டர் சொல்வார். எல்லோருக்கும் அப்படி இல்லை. உங்களுக்கு அப்படி இருக்காது.

எழுதியாகிவிட்டதால் இதையும் எழுதுகிறேன். அவளை அனுப்பிவிட்டு வந்த மறுநாள். ஹாலில் துக்கம் கேட்க வந்தவர்கள். நான் அவள் அறையில், அவள் துணிகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். முதலில் உங்கள் குரல் கேட்டது. பிறகு ஹாலே சிரித்தது. என் பிள்ளை போன வீட்டில், மறுநாள், அவ்வளவு பேரும் சிரித்தார்கள். சிரிக்க வைத்தது அவளைப் பெற்றவர். அந்தச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. உங்கள் காது வலிக்கு மருந்து உண்டு. இதற்கு இல்லை.

எப்போது வருகிறாய் என்று எழுத வேண்டாம். பல்பை நீங்களே மாற்றிக்கொள்ளுங்கள்.

முயல் அம்மா


பிப்ரவரி 17

டாக்டரம்மாவுக்கு,

பல்பை மாற்றிவிட்டேன். இப்போது வாசலில் வெளிச்சம் இருக்கிறது, பார்க்கத்தான் ஆளில்லை.

உன் கடிதத்தை நானே எழுத்துக் கூட்டிப் படித்தேன். கண்டக்டர் சில்லறையிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லியிருப்பேன் என்று நினைக்காதே. வியாதி பேர் மட்டும்தான் ஊருக்கு, மற்றதெல்லாம் எனக்கு. படித்து முடிக்க ஒரு முழு சீட்டு தைக்கிற நேரம் ஆனது. நடுவில் ஒரு இடத்தில் நின்றுவிட்டேன். அப்புறம் திரும்ப ஆரம்பித்தேன்.

உனக்கு ஒரு சாட்சி கிடைத்திருக்கிறான். டிப்போ வாட்ச்மேன், விசில். வாயில் விசில் இல்லாமல் அவனை யாரும் பார்த்ததில்லையே, அவன்தான். அவன் ஒருநாள் என்னிடம் வந்து, "அண்ணே, உங்க கடைக்குள்ள பெரிய எலி ஒண்ணு பூந்திருக்கு. ராத்திரி ரவுண்டு வரப்பல்லாம் கறக் கறக்னு சத்தம். ஸ்பாஞ்சை எல்லாம் தின்னு தீத்துரும்" என்றான். எனக்கும் ஆத்திரம். சீட்டுக்குப் போடுகிற ஸ்பாஞ்சு சும்மாவா வருகிறது? பொறி வாங்கி, பிஸ்கட் துண்டு வைத்து, வெட்டு மேஜைக்கு அடியில் வைத்தான். எலி வரவில்லை. பிஸ்கட்டை மாற்றினான், க்ரீம் வைத்ததாக. அதற்கும் வரவில்லை. "அண்ணே, இது படிச்ச எலி" என்றான். நான் பகலெல்லாம் அந்த எலியைத் திட்டித் தீர்த்தேன்.

பொறியைப் பார்க்க ஒருநாள் விடியக்காலம் டார்ச்சோடு உள்ளே வந்தவன் மேஜைக்குப் பக்கத்தில் அப்படியே நின்றுவிட்டான். என்னை உலுக்கி எழுப்பி, ரகசியம் சொல்கிற மாதிரி, "அண்ணே... எலி உங்க வாய்க்குள்ள இருக்கு" என்றான்.

டிப்போவே விழுந்து விழுந்து சிரித்தது. போதுமா? கேள்விக்குறியை அடித்துவிடு. பக்கத்தில் படுப்பவர் இல்லை. பக்கத்தில் பொறி வைப்பவர்.

கடைக்குப் போய்ப் படுத்தேன் என்று எழுதியிருக்கிறாய். உண்மைதான். வீட்டில் படுத்தால் அவள் அறைக் கதவுக்கு அடியில் இருக்கிற இடைவெளி கண்ணில் படும். லைட்டை அணைக்காமல் புத்தகத்தின் மேலேயே தூங்கிவிடுவாளே, எழுந்து போய் அணைக்கிற பழக்கம் எனக்கு. அந்தப் பழக்கம் அவளோடு போகவில்லை. கண் விழித்து எழுந்து போய்விடுவேன். கதவைத் திறந்தால் இருட்டு. அணைக்க ஒன்றும் இருக்காது. கடையில் அந்தத் தொல்லை இல்லை. ரெக்சினுக்கு லைட் கிடையாது.

இன்னொன்று. முயலுக்குக் கிளிப் போடலாம் என்று நீ வேலை பார்த்த கிளினிக்கில் அச்செடுத்தாயே, வெள்ளைப் பல், மேலும் கீழுமாக. "முயலுக்கு எவனாவது கம்பி கட்டுவானா? கம்பி முயல் கூண்டுக்குத்தான்" என்று நான் சொல்ல, அவள் உடனே, "அப்பா சொல்லியாச்சு, கேஸ் குளோஸ்" என்று கிளிப்பே வேண்டாம் என்றாளே. அந்த அச்சு டி.வி. பக்கத்தில் இருந்தது. காணோம். பீரோ, பரண், தையல் மிஷின் டிராயர் எல்லாம் கவிழ்த்துப் பார்த்துவிட்டேன். வீட்டில் வாய் காது வரை இருக்கும், போட்டோவுக்கு மட்டும் வாயை இறுக்கி மூடிக்கொண்டு மகாராணி மாதிரி நிற்பாள். பல் தெரிகிற போட்டோ ஒன்றுகூட இல்லை. அந்த அச்சு ஒன்றுதான் இருந்தது. நான்தான் எங்கேயோ தொலைத்துவிட்டேன் போலிருக்கிறது. உன்னிடம் சொல்ல பயந்துகொண்டே இத்தனை நாள் இருந்தேன்.

வருகிறாயா என்று கேட்கவில்லை. வாசலில் வெளிச்சம் இருக்கிறது என்று மட்டும் திரும்பவும் சொல்லிக்கொள்கிறேன்.

உன் புருஷன்


பிப்ரவரி 25

முயல் அப்பாவுக்கு,

தேட வேண்டாம். அச்சு என்னிடம் இருக்கிறது. கிளம்பிய அன்று நான்தான் எடுத்தேன். நீங்கள் தைத்த துணிப்பையில் சுற்றி, என் புடவைகளுக்கு நடுவில் வைத்துக் கொண்டுவந்தேன். கேட்டால் கொடுக்க மாட்டீர்கள் என்று கேட்கவில்லை. இப்போது நீங்கள் கேட்டாலும் நான் கொடுக்க மாட்டேன்.

அண்ணன் வீட்டு மாடி அறையில், ஜன்னல் பக்கம் வைத்திருக்கிறேன். அண்ணி தூசி தட்ட எடுத்தால்கூட, "வைங்க அண்ணி, அதை வைங்க" என்று கத்திவிடுகிறேன். பாவம், அவர் அந்த ஜன்னல் பக்கமே வருவதில்லை.

நீங்கள் கடைக்குப் போவது சீட்டாட என்று நினைத்திருந்தேன். டிரைவர்கள், அரட்டை, சீட்டுக்கட்டு. ஒருநாளும் கேட்கவில்லை. நீங்களும் சொல்லவில்லை. நானும் அவள் அறைக்கு எழுந்து போவேன், லைட்டைப் பார்க்க. நீங்கள் இருந்திருந்தால் கதவருகில் முட்டிக்கொண்டிருப்போம்.

எலிக் கதையை இரண்டு தடவை படித்தேன். மூன்றாவது தடவை அண்ணிக்குப் படித்துக் காட்டினேன். அண்ணி சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு ஆள் டார்ச்சை அடித்துக்கொண்டு மேலே நிற்கும் அளவுக்கு ஒரு மனுஷன் தூக்கத்தில் பல்லை அரைத்தால், அதற்கு எவ்வளவு அழுத்தம் வேண்டும் தெரியுமா? முழித்திருக்கும்போது அவ்வளவு அழுத்திக் கடிக்க யாராலும் முடியாது. வலித்து விட்டுவிடுவோம். தூக்கத்தில்தான் விட மாட்டோம்.

விசில் சாட்சி செல்லாது. எலி என்று சொன்னவர் எப்படிச் சாட்சி ஆவார்? நான் பல்லைப் பார்க்க வேண்டும்.

அந்த டாக்டரிடம் போய் மேல்வரிசை, கீழ்வரிசை இரண்டுக்கும் அச்செடுத்து, கல் மாதிரி இறுகுகிற மாவில் வார்த்துத் தரச் சொல்லுங்கள். ஸ்டடி மாடல் என்று கேட்டால் தருவார்கள். எனக்கு அனுப்புங்கள். தூங்கும்போது போட்டுக்கொள்ள நைட் கார்டு ஒன்று எங்கள் கிளினிக்கிலேயே செய்து தருகிறேன். பல் மேல் உறை மாதிரி மாட்டிக்கொள்வது. பல்லும் பல்லும் உரசாது. நைட் கார்டு என்றதும் விசிலின் தம்பியா என்று எழுத வேண்டாம்.

முயல் அம்மா


மார்ச் 6

டாக்டரம்மாவுக்கு,

விசிலின் தம்பியா என்று எழுத மாட்டேன். நீயே எழுதிவிட்டாய், இனி எனக்கென்ன வேலை.

அச்செடுத்தாயிற்று. அதை ஒரு சித்திரவதை என்று நீ முன்னாலேயே சொல்லியிருக்கலாம். ரோஸ் கலரில் பிசைந்த மாவை ஒரு தட்டில் வழித்து வாய்க்குள் தள்ளி, "மூக்கால மூச்சு விடுங்க அங்கிள்" என்கிறாள் அந்தப் பெண். மூக்கு எங்கே இருக்கிறது என்றே மறந்துபோயிற்று. முயல் அன்றைக்கு இதே மாவு வாய்க்குள் இருக்கும்போது கட்டை விரலை உயர்த்தி எனக்கு வெற்றி என்று காட்டினாளே, கண்ணில் தண்ணீரோடு. அதை நினைத்துக்கொண்டேன். நானும் விரலை உயர்த்தினேன். அந்தப் பெண்ணுக்கு ஒன்றும் புரியவில்லை.

மாடலை ஸ்பாஞ்சு வெட்டுத் துண்டுகளுக்கு நடுவில் வைத்துத் தைத்து, கண்டக்டர் சில்லறை கையில் கொடுத்தனுப்புகிறேன். "உள்ள என்னண்ணே?" என்றான். "என் வாய்" என்றேன். "அப்ப டிப்போல இனிமே நிம்மதி" என்று வாங்கிக்கொண்டான். உன் ஊர் பஸ் ஸ்டாண்டில் ஆபீஸில் கொடுத்துவிடுவான். போய் வாங்கிக்கொள்.

இனி எழுதப்போவது நீ கேட்காதது. அன்றைக்கே சொல்லியிருக்கலாம். நீ என் முகத்தைப் பார்க்கவில்லை. அப்புறம் போனில் என் குரலையும் கேட்கவில்லை. எழுதத்தான் சொன்னாய். எழுத இத்தனை நாள் தைரியம் வரவில்லை.

அன்றைக்கு ஹாலில் வந்து உட்கார்ந்தவர்கள் எல்லோரும் அவளைப் பற்றிப் பேசினார்கள். உன் அண்ணன், "ரொம்ப அமைதியான பொண்ணு" என்றார். பக்கத்து வீட்டுக்காரர், "அடக்கமான பொண்ணு, இருக்கிற இடமே தெரியாது" என்றார். அவளுடைய கல்லூரி டீச்சர், "சாந்தமான பிள்ளை" என்றார். யாரைச் சொல்கிறார்கள் என்று எனக்குப் புரியவே இல்லை. நம் முயலா அமைதி? நம் முயலா இருக்கிற இடம் தெரியாது? வேறு யாருடைய பெண்ணையோ கொண்டுவந்து நம் வீட்டில் உட்காரவைத்து அழுகிற மாதிரி இருந்தது. இன்னும் கொஞ்ச நேரம் விட்டால் அவளையே மறந்துவிடுவார்கள் என்று பயம் வந்துவிட்டது எனக்கு.

அதனால் ஒன்று சொன்னேன். ஆஸ்பத்திரியில் கடைசி வாரம். நீ மருந்து வாங்கக் கீழே போயிருந்தாய். நர்ஸ் தினமும் வந்து ரத்தம் எடுப்பாளே, அன்றைக்கும் வந்தாள். முயலுக்குக் கையைத் தூக்கக்கூடத் தெம்பில்லை. மெதுவாகக் கேட்டாள்: "சிஸ்டர், டெய்லி இவ்ளோ ரத்தம் எடுக்கறீங்களே, எங்க சேத்து வெக்கறீங்க? இதை வெச்சு இன்னொரு பொண்ணு செய்யறீங்களா?" நர்ஸ் முழிக்கிறாள். இவள், "செய்யறதுன்னா செய்ங்க, பரவால்ல. பல்லை மட்டும் கொஞ்சம் உள்ள தள்ளி வெச்சுருங்க" என்றாள்.

அந்த நர்ஸ் சிரித்துக்கொண்டே வெளியே போய், வராந்தாவில் நின்று முகத்தை மூடிக்கொண்டாள். நான் பார்த்தேன்.

ஹாலில் இதைத்தான் சொன்னேன். அவள் குரலிலேயே சொன்னேன். எல்லோரும் சிரித்தார்கள். உன் அண்ணன் சிரித்தார், அந்த டீச்சர் சிரித்துக்கொண்டே அழுதார். அது என் ஜோக் இல்லை. சிரிக்க வைத்தது பெற்றவன் இல்லை. அவள்தான். அவள் கடைசியாகச் சிரிக்க வைத்த கூட்டம் அது. நீ உள்ளே இருந்தாய், உனக்குச் சிரிப்பு மட்டும் கேட்டிருக்கிறது.

உன்னைக் கூப்பிட்டிருக்க வேண்டும். "வா, உன் பொண்ணு என்ன சொன்னான்னு கேளு" என்று கூப்பிட்டிருக்க வேண்டும். கதவு சாத்தியிருந்தது.

என் வாய் பத்திரமாக வந்து சேர்ந்ததா என்று எழுது.

உன் புருஷன்


மார்ச் 19

முயல் அப்பாவுக்கு,

வந்து சேர்ந்தது. ஒரு முனைகூட உடையவில்லை. நன்றாகத் தைத்திருந்தீர்கள், பிரிக்க மனம் வரவில்லை.

உங்கள் கடிதத்தைப் பற்றி ஒன்றும் எழுத எனக்குத் தெரியவில்லை. பல்லை உள்ளே தள்ளி வைக்கச் சொன்னாள் என்பதை மட்டும் அறையில் தனியாகச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். அவள் குரல் எனக்கு வரவில்லை. உங்களுக்கு வரும். அண்ணனிடம் கேட்டேன், "அன்னைக்கு எதுக்குச் சிரிச்சீங்க?" என்று. "உனக்குத் தெரியாதா? முயல் சொன்னதைச் சொன்னாரே மாப்பிள்ளை" என்றார். எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. எனக்குத் தவிர.

மாடலைப் பற்றி எழுதுகிறேன். அது எனக்குத் தெரிந்த வேலை.

ஜன்னல் பக்கம் வைத்துப் பார்த்தேன். கடைவாய்ப் பற்களின் மேடுகள் எல்லாம் மழுங்கிவிட்டன. கோரைப்பல்லுக்குக் கூர்மையே இல்லை, அரத்தால் ராவின மாதிரி சரிவாக இருக்கிறது. மேல் மாடலைக் கீழ் மாடல் மேல் வைத்துப் பக்கவாட்டில் லேசாக நகர்த்தினேன். ஒரு இடத்தில் தேய்ந்த பரப்பும் தேய்ந்த பரப்பும் கச்சிதமாகப் போய் உட்கார்ந்தன. உங்கள் தாடை தினமும் அங்கேதான் போய் நிற்கிறது. எந்த மனுஷனும் முழித்திருக்கும்போது அப்படித் தாடையை இழுத்து வைத்துக்கொள்ள மாட்டான். நான் நிறையப் பேர் வாயைப் பார்த்திருக்கிறேன். இந்த அளவு அதிகம் பார்த்ததில்லை. பகல் முழுக்கச் சிரிக்கிற மனுஷனின் வாய் இது என்று யாரிடமாவது சொன்னால் நம்ப மாட்டார்கள்.

உங்களுக்கு அப்படி இருக்காது என்று எழுதியிருந்தேன். அந்த வரியை அங்கே அடித்துவிடுங்கள். தாள் அசிங்கமானால் ஆகட்டும்.

அப்புறம் ஒன்று. முயலின் அச்சு பக்கத்திலேயே இருந்தது. சும்மாதான் பார்த்தேன். அவள் முன்பல் என் அண்ணன் வீட்டுச் சீதனம் என்று இத்தனை வருஷம் சொல்லிச் சிரித்தீர்கள். மேல்பல் அப்படித்தான், ஒப்புக்கொள்கிறேன். கீழ்வரிசையை யாரும் பார்த்ததில்லை. சிரித்தால் கீழ்ப்பல் தெரியாது. அவள் கீழ்வரிசையில் நடுப்பல்லுக்கு இடது பக்கம் ஒரு பல், பாதி திறந்துவிட்ட கதவு மாதிரி திரும்பி நிற்கிறது. உங்களுக்கும் அதே பல். அதே பக்கம். அதே அளவு திருப்பம். இரண்டு மாடலையும் கையில் வைத்துக்கொண்டு மாற்றி மாற்றிப் பார்த்தேன், எது யாருடையது என்று ஒரு நிமிஷம் தெரியவில்லை.

அப்புறம் தெரிந்துவிட்டது. தேய்ந்திருப்பது உங்களுடையது. அவளுடையதில் முனை முழுசாக இருக்கிறது. உங்களுடையதில் பாதிதான் மிச்சம்.

அவள் கண், மூக்கு, கை, கால், எதுவும் இனி இல்லை. அந்தப் பல் இருக்கிறது. உங்கள் வாயில் இருக்கிறது. அதை நீங்கள் ராத்திரி ராத்திரி அரைத்துத் தீர்க்கிறீர்கள்.

அதனால் கேளுங்கள். நைட் கார்டு இதோடு வைத்திருக்கிறேன். பிளாஸ்டிக் ஷீட்டைச் சூடாக்கி உங்கள் மேல்வரிசை மாடலில் அழுத்தி நானே செய்தேன். ஓரத்தை நானே தேய்த்து வழவழப்பாக்கினேன், டாக்டர் பார்த்துச் சரி என்றார். அந்தச் சின்ன டாக்டரிடம் காட்டி ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள். படுக்கும்போது மாட்டிக்கொள்ளுங்கள். காலையில் கழற்றிப் பச்சைத் தண்ணீரில் கழுவுங்கள். சுடுதண்ணீர் வேண்டாம், கோணிப்போகும். கேலியாக யாருக்காவது மாட்டிக் காட்ட வேண்டாம்.

அவள் அச்சிலிருந்து இன்னொரு அச்சும் எடுத்து வார்த்தேன். அதுவும் பெட்டியில் இருக்கிறது. அசல் என்னிடம். கீழ்வரிசையில் அந்தப் பல்லை விரலால் தொட்டுப் பாருங்கள். அப்புறம் உங்களுடையதை நாக்கால் தொட்டுப் பாருங்கள்.

கேள்விக்குறியை அடித்துவிட்டேன். இங்கே உங்கள் பேரில் ஒரு கேஸ் சீட்டு போட்டேன். ப்ரக்ஸிஸம் என்று எழுதினேன், பின்னால் ஒன்றும் போடவில்லை. பக்கத்தில் படுப்பவர் என்ற இடத்தில் என் பேரை எழுதிவிட்டு, அப்புறம் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

வருகிறேன் என்று சொல்ல முடியவில்லை. அவள் செருப்பு வாசலிலேயே இருக்கும். நீங்கள் எடுத்திருக்க மாட்டீர்கள், எடுக்கவும் வேண்டாம். அதைத் தாண்டி உள்ளே வர எனக்கு இன்னும் தெரியவில்லை.

பல்லைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

முயல் அம்மா


ஏப்ரல் 2

முயல் அம்மாவுக்கு,

பெட்டி கிடைத்தது. சின்ன டாக்டரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். வாய்க்குள் வைத்துப் பார்த்து, "யாரு செஞ்சாங்க அங்கிள்? கச்சிதமா இருக்கு" என்றாள். "வீட்ல" என்றேன். ஒரு ஜோக் வாய் வரை வந்தது, விழுங்கிவிட்டேன்.

நீ சொன்ன மாதிரி தொட்டுப் பார்த்தேன். முதலில் விரலால் அவளுடையதை. அப்புறம் நாக்கால் என்னுடையதை. இந்த நாக்கு எத்தனையோ வருஷமாக அந்தப் பல்லுக்குப் பின்னால்தான் கிடக்கிறது. ஊர்க் கதையெல்லாம் பேசியது. அதற்கு ஒருநாளும் தெரியவில்லை பார். இப்போது தைக்கும்போதும் அங்கேயேதான் போய் நிற்கிறது. ஊசியில் நூல் கோர்க்க வாயில் வைத்து ஈரப்படுத்துவேனே, அப்போதும் அங்கே போய்விடுகிறது. நூல் கீழே விழுந்துவிடுகிறது.

முயலை வீட்டில் டி.வி. பக்கத்தில் பழைய இடத்தில் வைத்துவிட்டேன். செருப்பு இருக்கிற இடத்தில் இருக்கிறது.

கார்டைத் தினமும் போடுகிறேன். பச்சைத் தண்ணீரில்தான் கழுவுகிறேன். யாருக்கும் மாட்டிக் காட்டவில்லை. அதை மாட்டினால் எனக்குப் பேச்சு குழறுகிறது. எதையாவது சொல்லிச் சிரிக்க வைக்கலாம் என்றால் முடிவதில்லை. பல்லைக் கடிக்கலாம் என்றால் பல் கிடைப்பதில்லை. வழுக்கிக்கொண்டு போகிறது. இரண்டும் இல்லாமல் ஒரு மனுஷன் படுத்துக் கிடந்தால் என்ன ஆகும் என்று உன் டாக்டர் சொன்னாரா?

எப்போது வருகிறாய் என்று இந்தத் தடவை கேட்கவில்லை. பக்கத்தில் படுப்பவர் என்ற இடத்தில் எழுதிய பேரை மட்டும் அடிக்காமல் வை.

நேற்று விசில் கடைக்கு வந்தான். பொறியை எடுத்துப் போகத்தான் வந்தான். வாசலில் நின்று தலையைச் சொறிந்தான்.

"அண்ணே, அந்த கறக் கறக் சத்தம் சுத்தமா நின்னுபோச்சு. ஆனா ரெண்டு மூணு நாளா வேற ஒரு சத்தம் கேக்குது. விட்டு விட்டு, மூக்கை உறிஞ்சற மாதிரி. அது என்னண்ணே?"

"அதுவும் எலிதான்ப்பா" என்றேன்.

பொறியை எடுக்காமல் போய்விட்டான்.

முயல் அப்பா